தலைநகரின் எல்லையும் நில அளவையும்: கங்கைகொண்ட சோழபுர நகர வரையறை குறித்த ஒரு திறனாய்வு

ஆய்வுச் சுருக்கம்

அரியலூர் மாவட்டத்தில் அமைந்துள்ள கங்கைகொண்ட சோழபுரம் ஏறத்தாழ இருநூற்றைம்பது ஆண்டுகள் சோழப் பேரரசின் தலைநகராக விளங்கியது. அதன் கோயிலும் அரசவரலாறும் விரிவாக ஆராயப்பட்டுள்ளன. நகரின் எல்லை எது என்னும் வினாவோ பெரும்பாலும் ஊர்ப்பெயர்களையும் வாஸ்து மரபையும் துணைக்கொண்டே விடையளிக்கப்பட்டு வருகிறது. சோழர் காலத்தில் எல்லையை வரையறுத்த முறைகளை முதலில் விளங்கிக்கொள்ளாமல் நகருக்கு ஒரு கோடு வரைவது முறையன்று என்பதை இக்கட்டுரை வலியுறுத்துகிறது. செப்பேட்டு எல்லை விவரிப்பு, கோலளவைக் கணக்கு, ஊர்ப்பெயர்ச் சான்று, நீர்நிலைச் சான்று ஆகியவை தனித்தனியே மதிப்பிடப்படுகின்றன. தலைநகரின் எல்லையை அரண்மனையிலிருந்து வெளிநோக்கித் தேடுவதைவிட, அண்டை ஊர்களின் எல்லையிலிருந்து உள்நோக்கித் தேடுவதே சோழர் ஆவண மரபுக்கு இயைந்தது என்பது கட்டுரையின் முடிவாகும்.

திறவுச்சொற்கள்: கங்கைகொண்ட சோழபுரம், நில அளவை, நாற்பாலெல்லை, திருவாலங்காட்டுச் செப்பேடு, மாளிகைமேடு, சோழகங்கம்.

முன்னுரை

முதலாம் இராசேந்திரன் தன் கங்கைப் படையெடுப்பின் வெற்றிக்குப் பின், ஏறத்தாழ 1025ஆம் ஆண்டளவில், தஞ்சையிலிருந்து தலைநகரைக் கொள்ளிடத்தின் வடபால் மாற்றினான். இவன் வழிவந்தோரும் முதலாம் குலோத்துங்கன் மரபினரும் பதின்மூன்றாம் நூற்றாண்டில் சோழராட்சி முடியும் வரை அந்நகரைத் தலைநகராகக் கொண்டிருந்தனர். இன்று அங்கு நிலைத்து நிற்பது பெருவுடையார் கோயில் ஒன்றே. அதற்குத் தென்மேற்கில், உட்கோட்டை ஊரையொட்டி, மாளிகைமேடு என்னும் மண்மேடு உள்ளது. மேற்கே பொன்னேரி என மக்கள் வழங்கும் சோழகங்கத்தின் கரை நீள்கிறது. இம்மூன்று புள்ளிகளுக்கிடையே ஒரு பேரரசின் தலைநகர் பரந்திருந்தது என்பதில் ஐயமில்லை. அது எங்குத் தொடங்கி எங்கு முடிந்தது என்பதே வினா.

இவ்வினா ஏட்டளவில் நிற்பதன்று. ஒரு தொல்லிடம் சட்டப் பாதுகாப்புப் பெறுவது எல்லை வரையறையைக் கொண்டே ஆகும். எல்லைக்குள் அடங்கியது மரபுச்சின்னம். அடங்காதது பட்டா நிலம். ஆகவே நகரின் எல்லையைப் பற்றிய நமது கருத்து பிழைபட்டால், அப்பிழையின் விளைவு வயலிலும் சாலையிலும் வீட்டுமனையிலும் வெளிப்படும்.

1. எல்லையை உரைக்கும் இரு மரபுகள்

சோழர் ஆவணங்களில் நிலத்தின் எல்லையை வரையறுக்கும் மரபுகள் இரண்டு. ஒன்று, சுற்றி நடந்து எல்லை காணும் மரபு. கொடையாக அளிக்கப்படும் ஊரின் எல்லையில் பெண்யானையை நடத்தி, அது சென்ற வழியே கல்லும் கள்ளியும் நாட்டுவர். இதனைச் செப்பேடுகள் பிடி சூழ்தல் என்னும் தொடரால் குறிக்கின்றன. கிழக்கெல்லை, தெற்கெல்லை, மேற்கெல்லை, வடக்கெல்லை என நான்கு திசையிலும் அண்டையில் உள்ள வாய்க்கால், குளம், வழி, மரம், புற்று, அயலூர் வயல் ஆகியன ஒன்றன்பின் ஒன்றாகச் சுட்டப்படும்.

இங்குக் கருதத்தக்கது ஒன்றுண்டு. நாற்பாலெல்லை என்பது ஓர் ஊரை அதன் உள்ளீட்டால் விளக்குவதன்று. அதற்கு அப்பால் இருப்பவற்றால் விளக்குவது. ஊரின் நடுவில் என்ன இருக்கிறது என்று செப்பேடு பெரும்பாலும் கூறுவதில்லை. ஊர் எதனோடு முட்டி நிற்கிறது என்பதையே கூறுகிறது.

மற்றொன்று, கோலால் அளக்கும் மரபு. முதலாம் இராசராசன் காலத்தில், ஏறத்தாழ 1001ஆம் ஆண்டில், நாடு முழுதும் நில அளவை நடைபெற்றது. அதனை முன்னின்று நடத்திய அதிகாரி உலகளந்தான் என்னும் பட்டம் பெற்றான். முதலாம் குலோத்துங்கன் 1086இல் மீண்டும் அளந்தான். பதினாறு சாண் கோல் முதலிய அளவுகோல்கள் கல்வெட்டுகளில் இடம்பெறுகின்றன. இம்மரபில் எல்லை என்பது பரப்பாக மாறுகிறது; பரப்பு வேலி, மா, காணி, முந்திரி என எண்ணாக மாறுகிறது; எண் இறையாக மாறுகிறது.

இவ்விரண்டாம் மரபின் நுட்பத்தைப் புகழும் நூல்கள் தஞ்சைக் கல்வெட்டுகளில் வேலியின் 52,428,800,000இல் ஒரு பங்கு வரை நிலம் கணக்கிடப்பட்டதைத் தவறாமல் எடுத்துரைக்கின்றன. இக்கூற்றுச் சரியே. அதனை அளவையின் நுட்பமாகக் கொள்வதுதான் பொருந்தாது. வேலியை இன்றைய வழக்கின்படி ஏறத்தாழ 6.6 ஏக்கர் எனக் கொண்டால், மேற்கண்ட பங்கு ஏறத்தாழ அரைச் சதுர மில்லிமீட்டராகும். கோலின் நீளத்திற்கேற்ப வேலியின் பரப்பு இடத்துக்கு இடம் மாறினும் இம்முடிவு பெரிதும் மாறாது. நெல்லின் நுனியளவும் இல்லாத இப்பரப்பை எந்தக் கோலாலும் அளக்க இயலாது. முந்திரி 320இல் ஒன்று. அதன் கீழ் மீண்டும் 320இல் ஒன்று. இவ்வாறு அடுக்கிச் செல்லும் பின்னமுறையில் கூட்டிக் கழித்ததால் விளைந்த எண்ணே அது. அது கணக்கனின் திறத்தைக் காட்டுகிறது. அளந்தவனின் திறத்தை அன்று. சோழர் அளவையைக் கொண்டு நகர எல்லையை மீட்டெடுக்க முயல்வோர் இவ்வேறுபாட்டை நினைவில் கொள்ளுதல் வேண்டும். ஆவணத்தின் எண்நுட்பம் நிலத்தின் மீது கோடு வரைவதற்குப் போதுமான துல்லியம் ஆகாது.

2. இரு மரபுக்கும் வெளியே நின்ற நகர்

இவ்விரு மரபுகளும் தலைநகரை எவ்வாறு கையாண்டன என்பதே அடுத்த வினா. இதற்குத் திருவாலங்காட்டுச் செப்பேடுகளே சிறந்த சான்று. இராசேந்திரன் காலத்தைச் சேர்ந்த இத்தொகுதியில் 31 ஏடுகள் உள்ளன. திருவாலங்காட்டு இறைவனுக்குப் பழையனூரை அளித்த கொடையே அதன் பொருள். தமிழ்ப்பகுதி அவ்வூரின் எல்லையைத் திசைதோறும் விரிவாக நடந்து காட்டுகிறது. பிற்காலத்தில் சேர்க்கப்பட்டதாக அறிஞர் கருதும் வடமொழிப் பகுதி, கங்கைநீரைக் கொணர்ந்து சோழகங்கம் என்னும் பேரேரியை நீர்மயமான வெற்றித்தூணாக அரசன் அமைத்ததைப் பாடுகிறது. ஒரே ஆவணத்தில் தொண்டை நாட்டுச் சிற்றூர் ஒன்றின் வாய்க்காலும் வரப்பும் எழுதப்பட்டுள்ளன. தலைநகரின் மாபெரும் ஏரிக்கோ ஒரு புகழுரை மட்டுமே கிடைத்துள்ளது.

இதனை எழுதியோரின் கவனக்குறைவாகக் கொள்ள இயலாது. பழையனூர் கைம்மாறுகின்ற நிலம். அதன் எல்லை ஐயமின்றி உரைக்கப்பட வேண்டும். தலைநகரோ எவருக்கும் கொடையாக அளிக்கப்பட்டதன்று. ஆகவே அதனைப் பிடி சூழ்ந்திருக்க வேண்டிய தேவை எழவில்லை.

கோலளவையும் இவ்வாறே. தஞ்சைக் கோயிலுக்கு இறையிறுத்த ஊர்களின் கணக்கில் முதலில் ஊரின் முழுப்பரப்பு குறிக்கப்படுகிறது. பின்னர் ஊர்நத்தம், கோயில்கள், குளங்கள், ஊடறுத்துச் செல்லும் வாய்க்கால்கள், சேரிகள், சுடுகாடு முதலியன கழிக்கப்படுகின்றன. எஞ்சிய நிலமே இறைக்குரியது. குடியிருப்பு இக்கணக்கில் தோன்றுவது கழிவாக மட்டுமே. நெல் விளையும் நிலத்தை எண்ணும் ஓர் அளவையில், முழுதும் மாளிகையும் தெருவும் கோயிலும் அங்காடியுமான தலைநகருக்கு இடம் குறைவு. எனவே ‘கங்கைகொண்ட சோழபுரத்தின் பரப்பு எவ்வளவு’ என்னும் வினாவுக்குச் சோழர் ஆவணத்திலிருந்து நேர்விடையை எதிர்பார்ப்பதற்குக் காரணமில்லை. அவ்வினா நம்முடையது, அவர்களுடையது அன்று.

இதற்கு நேர்மாறான ஒன்றை ஒப்பிட்டால் இக்கருத்துத் தெளிவுறும். அமெரிக்க ஒன்றியத்தின் தலைநகர் நிலப்பகுதிக்கு 1791–92இல் பக்கத்துக்குப் பத்து மைலாகச் சதுரம் அளந்து, மைலுக்கு ஒன்றாக நாற்பது எல்லைக்கற்கள் நாட்டினர். அங்கு எல்லை முன்னது, நகர் பின்னது. அங்ஙனம் அளந்த எல்லையும் நிலைக்கவில்லை. பொடோமாக் ஆற்றின் தென்மேற்குப் பகுதி 1846இல் வர்ஜீனியாவுக்குத் திருப்பியளிக்கப்பட்டது. கங்கைகொண்ட சோழபுரத்திலோ நகர் முன்னது. எல்லைக்கோடு ஆய்வாளர் வரைவது. முன்னதன் இயல்பைப் பின்னதன்மேல் ஏற்றிப் பார்ப்பதே பல நகர வரைபடங்களின் அடிப்படைக் குறை.

3. மதில், பெருவழி, ஊர்ப்பெயர்

நகரமைப்பைப் பற்றிய இன்றைய கருத்துக்கு இரா. நாகசாமியின் கங்கைகொண்ட சோழபுர நூலே தலைமையான அடித்தளம். கல்வெட்டில் வரும் சோழகேரளன் திருமாளிகை, கங்கைகொண்டசோழ மாளிகை, இராசேந்திரசோழன் மதில், குலோத்துங்கசோழன் திருமதில், இராசராசன் பெருவழி, இராசேந்திரன் பெருவழி முதலிய பெயர்களை அவர் ஒருங்கு திரட்டினார். உட்கோட்டை, மெய்க்காவல்புத்தூர், வானதிரையன்பட்டினம், ஆயுதக்களம், யுத்தப்பள்ளம், சுண்ணாம்புக்குழி போன்ற ஊர்ப்பெயர்களையும் அவற்றோடு இணைத்து நோக்கினார். அரண்மனையை நடுவாகக் கொண்டு, ஈசானிய மூலையில் சிவன் கோயில் அமைந்தது என்னும் விளக்கமும் அவ்வழியே பரவியது. கோயிலொன்றையே கண்ட ஆய்வுலகிற்கு நகரைக் காட்டிய அம்முயற்சியின் பெருமை குறையாது. அதன் வழிமுறையில் மறுசிந்தனைக்குரிய இடங்கள் மூன்றுள்ளன.

முதலாவது, ஊர்ப்பெயர்ச் சான்றின் தரம் ஒரே அளவினதன்று. உட்கோட்டை என்னும் பெயருக்கு மாளிகைமேட்டு அகழாய்வு துணைநிற்கிறது. தமிழ்நாடு அரசு தொல்லியல் துறை 1980களில் தொடங்கி, 2021 முதல் மீண்டும் நிகழ்த்திய அகழாய்வுகளில் செங்கற் சுவர்களும், கூரை ஓடுகளும், இரும்பு ஆணிகளும், சீனப் பீங்கான் துண்டுகளும் வெளிப்பட்டன. பெயரும் பொருளும் இங்கு ஒன்றையொன்று உறுதிசெய்கின்றன. ஆயுதக்களம், யுத்தப்பள்ளம் ஆகியவற்றின் நிலை வேறு. ஓர் ஊர் படைக்கலக் கொட்டிலாக இருந்ததால் அப்பெயர் பெற்றதா, தலைநகர் நினைவில் வாழ்ந்த பிற்கால மக்கள் பழம்பெயரைத் திரித்துப் பொருள் கண்டனரா என்பதைப் பெயர் மட்டும் தீர்க்காது. அப்பெயர் சோழர் காலக் கல்வெட்டில் உண்டா, அந்நிலத்தில் சோழர் காலப் படிவு உண்டா என்னும் இரு வினாவுக்கும் விடை கண்ட பின்னரே அதனை நகரின் உறுப்பாகக் கொள்ளலாம்.

இரண்டாவது, வாஸ்து விளக்கம் வட்டமாகச் சுழல்கிறது. கோயில் ஈசானியத்தில் உள்ளது என்று கூற, நகரின் நடு எது என்று முன்னரே தெரிந்திருக்க வேண்டும். நடு எது என்று கூற, நகரின் எல்லை தெரிந்திருக்க வேண்டும். எல்லை தெரியாத நிலையில் மாளிகைமேட்டை நடுவாகக் கொள்வது ஒரு கருதுகோள். அக்கருதுகோளால் கோயிலின் திசையை விளக்கி, பின்னர் அத்திசையையே கருதுகோளுக்குச் சான்றாகக் காட்டுதல் ஏற்புடையதன்று.

மூன்றாவது, காலம். இராசேந்திரன் பெயரால் ஒரு மதிலும் குலோத்துங்கன் பெயரால் ஒரு திருமதிலும் வழங்கின என்பதே எல்லை ஒருமுறை வரைந்து முடிந்ததன்று என்பதைக் காட்டுகிறது. பழைய மதில் பெயர் மாறியிருக்கலாம், புதுப்பிக்கப்பட்டிருக்கலாம், நகர் வளர்ந்து புறத்தே வேறொரு மதில் எழுந்திருக்கலாம். இரு செங்கற் சுவர்களுக்கிடையே மணல் நிரப்பிக் கட்டியதாக அறியப்படும் மதிற்பகுதி இவற்றுள் எதைச் சார்ந்தது என்பதை அடுக்காய்வே கூற வேண்டும். இருநூற்றைம்பது ஆண்டுகளை ஒரே வரைபடத்தில் அடைப்பது, சென்னையின் வால்டாக்ஸ் சாலையையும் 2011இல் 174 சதுர கிலோமீட்டரிலிருந்து 426 சதுர கிலோமீட்டராக விரிந்த மாநகராட்சி எல்லையையும் ஒரே காலத்தன எனக் கொள்வதற்கு ஒப்பாகும். அங்கு மதில் மறைந்தும் அதன் பெயர் சாலைக்கு நின்றது. நகரோ அம்மதிலைக் கடந்து நெடுந்தொலைவு சென்றுவிட்டது.

இலக்கியச் சான்றும் இவ்விடத்தில் பெரிதும் உதவுவதில்லை. ஒட்டக்கூத்தரின் மூவருலா அரசனின் பவனியைத் தெருவழியே காட்டுகிறது. உலாவுக்கு வேண்டியது வீதி, எல்லையன்று. புலவர் காட்டும் நகர் உள்ளிருந்து காணும் நகராகும்.

4. நீரெல்லை

மதிலைவிட உறுதியான சான்று நீர்நிலைகளில் உள்ளது. சோழகங்கத்தின் கரையைப் பற்றி இருவேறு அளவுகள் வழங்குகின்றன. உடையார்பாளையம் வட்டத்தில் வடக்குத் தெற்காகப் பதினாறு மைல் நீளக் கரை உள்ளதென்றும், தெற்கே அறுபது மைல் நீளக் கால்வாயும் வடக்கே வெள்ளாற்றிலிருந்து சிறு கால்வாயும் அதற்கு நீர் தந்தன என்றும் பத்தொன்பதாம் நூற்றாண்டின் இடைப்பகுதிக் குறிப்பொன்று உரைக்கிறது. நாகசாமி முதலியோர் இன்று காணும் ஏரியின் நீளத்தை ஏறத்தாழ மூன்று மைல் என்கின்றனர். பின்வந்தோர் பலர் இரண்டையும் அருகருகே எழுதி, முரண்பாட்டைக் கவனியாது கடந்து சென்றுள்ளனர். முன்னது தொடர்ச்சியான ஒரே ஏரியின் கரையா, ஒன்றையடுத்து ஒன்றாக அமைந்த பல ஏரிக்கரைகளின் கூட்டு நீளமா என்பது நில அளவையால் தீர்க்கத்தக்க வினா. செயற்கைக்கோள் படிமங்களும் சமவுயரக் கோட்டு வரைபடங்களும் கைக்கெட்டும் இக்காலத்தில் இதனைத் தீர்க்காமல் விடுவதற்கு நியாயமில்லை.

மேற்கே ஏரிக்கரையும், கிழக்கே ஏறத்தாழ ஆறு கிலோமீட்டர் தொலைவில் மதுராந்தக வடவாறும், தெற்கே கொள்ளிடமும், வடக்கே வெள்ளாறும் அமைந்த நிலப்பரப்பைச் செப்பேட்டு முறையில் நோக்கினால், அது தலைநகரும் அதனை ஊட்டிய வேளாண் நிலமும் சேர்ந்த பெரும்பரப்பின் நாற்பாலெல்லையாக அமையும். இதனை நகர எல்லை என்று கூறுவது இக்கட்டுரையின் நோக்கமன்று. நகர் இப்பரப்பினுள் ஒரு பகுதியே. ஆயினும் ஏரியையும் வாய்க்காலையும் நீக்கிய நகர வரையறை, உணவும் நீரும் இன்றி மாளிகை மட்டும் நின்றதாகக் கருதும் வரையறையாகிவிடும். கோயிலுக்கு நெல்லளந்த ஊர்களை வீரராசேந்திரன் காலத்துக் கல்வெட்டு விரிவாகப் பட்டியலிடுவதும் இதனை நினைவூட்டுகிறது.

5. இடம்பெயர்ந்த கற்களும் இடம்மாறிய கோடுகளும்

கொள்ளிடத்தின் குறுக்கே 1836இல் கீழணை கட்டப்பட்டபோது, பெருவுடையார் கோயிலின் திருச்சுற்று மதிலிலிருந்து கற்கள் பெயர்த்தெடுக்கப்பட்டன. ஊர்மக்கள் தடுத்தும் பயனில்லை என்று மேற்சுட்டிய குறிப்பே பதிவுசெய்கிறது. நகரின் எஞ்சியிருந்த எல்லைகளுள் மிகத் தெளிவான ஒன்று ஆற்றின் குறுக்கே அணையாயிற்று. மாளிகையின் செங்கற்களோ காலந்தோறும் வீடுகளுக்குச் சென்றன. ஆகவே மேற்பரப்பில் சுவர் காணப்படாமை சுவர் இல்லாமைக்குச் சான்றாகாது.

ஆட்சி எல்லைகளும் நிலையாக நின்றதில்லை. திருச்சிராப்பள்ளி மாவட்டத்திலிருந்து 1995இல் பெரம்பலூர் மாவட்டம் பிரிந்தது. அதிலிருந்து 2001இல் அரியலூர் பிரிந்து, 2002இல் மீண்டும் இணைந்து, 2007இல் மறுபடியும் தனி மாவட்டமாயிற்று. ஒரே ஊரைப் பற்றிய செய்திகள் திருச்சிராப்பள்ளி, பெரம்பலூர், அரியலூர் என்னும் மூன்று தலைப்பின்கீழ்ச் சிதறிக் கிடப்பதற்கு இதுவே காரணம். இப்பகுதி ஆய்வாளர் இதனைக் கருதாது தேடின் சான்றுகள் கைநழுவும்.

சட்ட எல்லையின் நிலை மேலும் கருதத்தக்கது. 2010இல் திருத்தப்பட்ட மத்தியச் சட்டத்தின்படி, பாதுகாக்கப்பட்ட சின்னத்தின் எல்லையிலிருந்து நூறு மீட்டர் தடைசெய்யப்பட்ட பகுதி; அதற்கப்பால் இருநூறு மீட்டர் ஒழுங்குபடுத்தப்பட்ட பகுதி. 2004இல் உலக மரபுச்சின்னப் பட்டியலில் இடம்பெற்றதும் கோயிலே, நகரன்று. கட்டடத்தைக் காக்க இம்முறை பொருந்தும். மாளிகைமேட்டுக்கும் கோயிலுக்கும் ஏரிக்கும் இடைப்பட்ட வயல்களில் புதைந்துள்ள தெருவையும் மதிலையும் இது எட்டாது. அரியலூர் சுண்ணாம்புக்கல்லும் ஜெயங்கொண்டத்துப் பழுப்பு நிலக்கரியும் நிலத்துக்கடியில் உள்ள மாவட்டம் இது. இங்கு நிலம் எடுக்கப்படுவது புல எண்ணைக் கொண்டே. வரலாற்றுச் சான்றும் புல எண்ணாக எழுதப்படாதவரை, எடுப்போர் பார்வையில் அது வெறும் நிலமே.

முடிவுரை

கங்கைகொண்ட சோழபுரத்தின் எல்லையைக் குறித்த ஆய்வுகள் இதுவரை மாளிகையிலிருந்து வெளிநோக்கிச் சென்றன. அவ்வழியில் ஊர்ப்பெயர் கிடைக்கும் தொலைவு வரை நகர் விரிந்துகொண்டே செல்லும். நிறுத்துவதற்கு ஓரிடம் இராது. சோழர் ஆவண மரபோ எல்லையை அயலிலிருந்து உரைத்தது. கல்வெட்டில் சான்றுள்ள வேளாண் ஊர்களை நிலப்படத்தில் குறித்து நாடுகளை மீட்டெடுத்த எ. சுப்பராயலுவின் முறையே இங்கும் வழிகாட்டத்தக்கது. தலைநகரைச் சூழ்ந்த ஊர்களுள் சோழர் காலத்தில் நெல்லளந்தவை எவை, இறைகட்டின நிலம் உடையவை எவை என்பதை முதலில் உறுதிசெய்தல் வேண்டும். அவ்வூர்களின் இன்றைய கிராம வரைபடங்களையும், மூன்று ஊர் கூடும் இடத்து எல்லைக்கற்களையும், பழைய வாய்க்கால் தடங்களையும் அவற்றோடு பொருத்திப் பார்த்தல் வேண்டும். வயலூர்கள் எல்லாம் தத்தம் இடத்தில் அமர்ந்தபின் நடுவில் எஞ்சும் வெற்றிடமே தலைநகர் இருந்த நிலம். மதிலும் பெருவழியும் அவ்வெற்றிடத்தின் விளிம்பில் தேடத்தக்கவை.

இவ்வாறு பெறப்படும் எல்லை ஒரு மெல்லிய கோடாக இராது. சில இடங்களில் அகன்ற பட்டையாகவும், சில காலங்களில் வேறிடத்திலும் அமையும். அதுவே சான்றுக்கு நேர்மையான வடிவம். அதனைப் புல எண் வாரியாக எழுதி வைப்பது ஆய்வாளர் செய்யக்கூடிய பணி. உலகளந்த கோலும் அளந்து எழுதாமல் விட்ட நகர் இது. அதன் எல்லையை இன்று எழுதாவிடின், நிலம் எடுக்கும் பிறர் தம் தேவைக்கேற்ப அதனை எழுதிவிடுவர்.